எழுத்து முடிந்த பிறகு தொடங்கிய படம்

நான் அறிந்த ஒரே இசையமைப்பாளர் ஒரு பிரெஞ்சுக்காரர். அவருடைய பெயரை இங்கே எழுதப் போவதில்லை. பிரான்சில் அவருக்கு ஒரு மகள் இருக்கிறாள். தகப்பனைப் பற்றி யாரும் எழுதுவது அவளுக்குப் பிடிக்காது என்று அறிந்தேன். எழுதினாலும் உங்களுக்குத் தெரிந்திருக்கப் போவதில்லை. பிரான்சிலேயே அந்தப் பெயரைத் தெரிந்தவர்கள் ஒரு சாப்பாட்டு மேசையைச் சுற்றி வசதியாக உட்கார்ந்துவிடலாம். அவருடைய பெயரை விட்டுவிட்டவர்களின் வரிசையில் கடைசியாக நானும் போய் நிற்கிறேன் என்பது எனக்கே எரிச்சலாகத்தான் இருக்கிறது.

இது நடந்தது நியூசிலாந்தில், ஒக்லாந்து நகரத்தில், எண்பத்தெட்டாம் ஆண்டு. நாங்கள் பாபகூராவில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். எண்பத்துமூன்றுக் கலவரத்தில் கொழும்பு வீடு எரிந்ததற்கு அடுத்த வருடம் வந்து சேர்ந்தவர்கள். என் கணவர் கொழும்பில் எஞ்சினியர். அவர் கையெழுத்து இல்லாமல் அங்கே ஒரு மதில்கூட எழும்பாது. இங்கே ஒரு பெயின்ற் தொழிற்சாலையில் வாளிகளை எண்ணி அடுக்கும் வேலை. நான் யாழ்ப்பாணத்தில் கன்னியர் மடப் பள்ளிக்கூடம் ஒன்றில் பியானோ படிப்பித்தவள். லண்டனிலிருந்து வெள்ளைக்காரர் வந்து எடுக்கும் பரீட்சைகள் எல்லாவற்றிலும் தேறியவள். வேலை தேடிப் போன இடத்தில் ஒரு பெண் அந்தச் சான்றிதழ்களை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துவிட்டு, சமைக்கத் தெரியுமா என்று கேட்டாள். வயோதிபர் இல்லம் ஒன்றின் குசினியில் உருளைக்கிழங்கு உரிக்கப் போனேன்.

என் கணவர் தன் எஞ்சினியர் மூளை முழுவதையும் வீடியோக் கசெற்றில் காட்டினார். தமிழ்ப் படக் கசெற்றுகளைச் சிங்கப்பூரிலிருந்தும் சிட்னியிலிருந்தும் யாராவது கொண்டுவருவார்கள். அவற்றைக் கொப்பி பண்ண எங்கள் ஹோலில் இரண்டு டெக் இருந்தன. வீடியோப் பெட்டியை நாங்கள் டெக் என்றுதான் சொல்வோம். சனி, ஞாயிறு என்றால் ஒக்லாந்துத் தமிழர் பாதிப் பேர் எங்கள் வாசலில் சப்பாத்துக் கழற்றுவார்கள். யாழ்ப்பாணத்து டொக்டர்மார், மலேசியாக் குடும்பங்கள், பாட்டன் காலத்தில் பிஜிக்குக் கரும்பு வெட்டப் போய் அங்கிருந்து இங்கே வந்தவர்கள். இந்தக் கடைசி ஆட்களுக்குத் தமிழ் கதைக்க வராது, ஆனாலும் படம் பார்த்து அழுவார்கள். எல்லோரும் என் கணவரை மரியாதையோடு விசாரித்து, குனிந்து கசெற் தெரிந்தெடுப்பார்கள். அவருக்கு வாரத்தில் அந்த இரண்டு நாள்தான் முதுகு நிமிர்ந்திருக்கும்.

வெறும் கசெற் அந்தக் காலத்தில் நல்ல விலை. ஆகையால் வீணாக ஓடவிட மாட்டார். படத்தின் தொடக்கத்தில் நடிகர், பாட்டு, படப்பிடிப்பு என்று எழுத்து ஓடும் அல்லவா, அந்த நேரம் முழுவதும் டெக்கை நிறுத்திப் பிடித்துக்கொண்டு காத்திருப்பார். கடைசிப் பெயர் மறைந்ததும் விரலை எடுப்பார். ஒரு கணம் முந்தாது, ஒரு கணம் பிந்தாது. முடிவில் வணக்கம் போடுவதற்கு முன் நிறுத்திவிடுவார். இப்படி மிச்சம் பிடித்த இடத்தில் இன்னொரு படத்தின் பாட்டுகளை ஏற்றித் தருவார். சனத்துக்கு அது பெரிய சந்தோஷம். ஊர்த் தியேட்டரிலும் எழுத்து ஓடுகிற நேரம் கடலை வாங்கிக்கொண்டு கதிரை தேடுகிற நேரம்தானே. எங்கள் வீட்டுக் கசெற்றில் படம் எழுத்து முடிந்த பிறகுதான் தொடங்கும் என்பது ஒருவருக்கும் குறையாகத் தோன்றவில்லை, எனக்கும்தான்.

எங்கள் தெரு மூலையில் ஒரு டெயறி இருந்தது. பாலும் பாணும் பேப்பரும் விற்கும் சின்னக் கடை. அதன் கண்ணாடியில் காணாமற்போன பூனைகளுக்கு நடுவில் ஒரு அட்டை ஒட்டியிருந்தது: இசைத்தாள் பிரதி எடுக்கத் தெரிந்தவர் தேவை, சுத்தமான கை வேண்டும். நான் பால் வாங்காமலே அந்த விலாசத்துக்கு நடந்தேன்.

ரயில் பாதைக்குப் பக்கத்தில், கடைகளுக்குப் பின்னால் ஒற்றை அறை வீடு. உயரமான மனிதர், அறுபதைத் தாண்டியவர். கம்பளிச் சட்டையில் சிகரெட் சுட்ட ஓட்டைகள். அவர் பேசியது பிரெஞ்சு வாடை வீசும் ஆங்கிலம்; நான் அதை என் தமிழில்தான் எழுதுகிறேன். என்னை முதல் நாளிலிருந்து கடைசி வரை மேடம் என்றுதான் கூப்பிட்டார். பெரிய தாள் ஒன்றைக் கொடுத்து, அதிலிருந்து கிளாரினெட்காரருக்கு மட்டும் உரியதைப் பிரித்து எழுதச் சொன்னார்.

பிரதி எடுப்பது என்றால் இதுதான். இசையமைப்பவர் எல்லா வாத்தியங்களையும் ஒரே தாளில் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதுவார். வாசிப்பவருக்குத் தன்னுடையது மட்டும் போதும். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக அதைப் பிரித்து எழுத வேண்டும். வெறுமனே பார்த்து எழுதுவதில்லை. வாசிப்பவர் தாளைத் திருப்ப ஒரு கை வேண்டும். ஆகையால் அவருக்கு ஓய்வு வருகிற இடத்தில் பக்கம் முடிய வேண்டும். நான் முதலில் ஓய்வுகளை எண்ணிவிட்டுத்தான் பேனையைத் தொட்டேன். அவர் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தார். நன்று என்றும் சொல்லவில்லை, பிழை என்றும் சொல்லவில்லை. "ஞாயிறு காலையும் உங்களால் வர முடியுமா, மேடம்?" என்று மட்டும் கேட்டார்.

வீட்டுக்கு வரும் வழியில் நான் அழுதேன். இந்த நாட்டுக்கு வந்த பிறகு, எனக்குத் தெரிந்த ஒன்றை என்னிடம் கேட்ட முதல் மனிதர் அவர்.

"காசு தருவாரோ?" என்று கணவர் கேட்டார்.

"பிறகு தருவாராம்."

"அப்ப இது வேலை இல்லை, பொழுதுபோக்கு."

பொழுதுபோக்கு என்றே இருக்கட்டும் என்று நான் போய்வரத் தொடங்கினேன்.

பிரெஞ்சுக்காரர் தன் கதையை ஒருநாளும் தொடர்ச்சியாகச் சொன்னதில்லை. பேனை காயும் நேரத்தில் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். பாரிஸில் ஒரு பெரிய இசையமைப்பாளர் இருந்தாராம். வருடத்துக்கு அத்தனை படம். ஒரு மனிதன் தூங்காமல் எழுதினாலும் முடியாத கணக்கு. பின்னறையில் மூன்று பேர் இருந்து எழுதினார்கள். இவர் அதில் ஒருவர். மற்ற இருவருக்கும் காதல் காட்சியும் சண்டைக் காட்சியும். சாவீடும் ரயிலும் இவருடைய பங்கு. "யாராவது செத்தாலோ யாராவது ரயிலேறினாலோ கதவைத் திறந்து என்னைக் கூப்பிடுவார்," என்றார். எழுதியது எல்லாம் பெரியவர் பெயரில் வந்தது. பெரியவருக்குப் பரிசு கிடைத்த ஒரு படத்தில் எல்லோரும் புகழ்ந்த சாவீடு இவருடையது. பரிசு வாங்கிய இரவு பெரியவர் இவருக்கு ஒரு தொப்பி வாங்கிக் கொடுத்தாராம்.

எனக்குக் கேட்கக் கேட்கப் பற்றிக்கொண்டு வந்தது. "ஏன் பேசாமல் இருந்தீர்கள்?" என்றேன். அவர் தோளைத் தூக்கி இறக்கினார். அந்தத் தோள் தூக்கலைக் கண்டால் எனக்கு இன்னும் கோபம் வரும்.

ஒரே ஒரு படம் அவருடைய சொந்தப் பெயரில் வந்தது. பெரியவரைக் கூப்பிடக் காசில்லாத ஒரு இயக்குநர் எடுத்த சின்னப் படம். ஆற்றில் பாலம் கட்டுகிறார்கள், தோணிக்காரனுக்குத் தொழில் போகிறது, அவ்வளவுதான் கதை. மூன்று கிளாரினெட், எங்கள் பறை மாதிரி ஒரு மேளம், அவ்வளவுதான் வாத்தியம். ஒரு வாரம் ஓடியது. பிறகு அவர் ஒரு நியூசிலாந்துப் பெண்ணைக் கலியாணம் செய்து இங்கே வந்தார். அவள் அவரை விட்டுப் போனாள். பிள்ளைகளுக்குப் பியானோ படிப்பித்தார். எண்பத்தைந்தில் பிரெஞ்சு ஆட்கள் வந்து எங்கள் துறைமுகத்தில், அணுகுண்டுச் சோதனையை எதிர்த்தவர்களின் கப்பலுக்கு வெடி வைத்ததும், அந்தப் பிள்ளைகளின் தாய்மார் அவரையும் வெடி வைத்தவர் மாதிரிப் பார்த்தார்கள். பிள்ளைகள் ஒவ்வொன்றாக நின்றன.

நான் போன காலத்தில் அவருக்கு ஒரு நல்ல காலம் வரப் பார்த்தது. பழைய மாணவி ஒருத்தியின் மகன், இளைஞன், தன் முதல் படத்தை எடுக்கத் தயாராக இருந்தான். ஆட்டுப்பண்ணையை இழக்கும் ஒரு குடும்பத்தின் கதை. இசை இவர்தான் என்று முடிவு செய்திருந்தான். இவர் ஒப்பந்தம் வருவதற்கு முன்பே எழுதத் தொடங்கிவிட்டார். கையில் ஸ்டொப் வாட்ச். என்னைக் கதையை வாசிக்கச் சொல்லி, கதவு வரை நடந்து போய் மூடச் சொல்லி, அந்த நேரத்தை அளப்பார். "பண்ணையை விற்றுவிட்டு வந்தவள் கதவை இவ்வளவு வேகமாக மூட மாட்டாள். இன்னும் ஒருமுறை," என்பார். நான் கொழும்பு வீட்டை நினைத்துக்கொண்டு மூடினேன். "இதுதான்," என்று வாட்சைப் பார்த்து எழுதிக்கொண்டார்.

அவர் எழுதியது நல்ல இசை. இதைச் சொல்ல எனக்குத் தகுதி இருக்கிறது. எழுத எழுத என் கை அதை உள்ளே கேட்டது. ஒரு இடத்திலும் பார்ப்பவரை அழு என்று பிடித்துத் தள்ளாத இசை. படத்தின் எழுத்தில் பிரதி எடுத்தவள் என்று என் பெயரும் வரும் என்று சொல்லியிருந்தார். நான் வெளியே சிரித்துவிட்டு உள்ளே நம்பினேன்.

பிறகு பணம் போடுகிற ஆள் வந்தார். கட்டடக் கொந்திராத்துக்காரர், ஒப்பந்தம் எடுத்துக் கட்டுகிறவர். முந்தின வருடம் பங்குச்சந்தை விழுந்ததில் படங்களுக்குப் பணம் போடுகிறவர்கள் எல்லோரும் ஒதுங்கியிருந்த நேரம், ஆகையால் இவர் சொன்னது சட்டம். தங்கையின் மகன் ஒருவன் அவருக்கு இருந்தான். ஒரு கட்டையை அமத்தினால் இருபது வயலின் சத்தம் போடும் மின்சார வாத்தியம் அவனிடம் இருந்தது. பாபகூராவில் அறைக்குள் இருக்கிற கிழவன் எதற்கு என்பது அவருடைய கேள்வி. இயக்குநர் விடவில்லை. கடைசியில் கொந்திராத்துக்காரர் சொன்னார்: "சரி, ஒரு படத்தில் அவர் பெயர் வந்ததை எனக்குக் காட்டுங்கள். காட்டினால் அவர்தான்."

நியாயமான பேச்சுத்தான். ஆனால் காட்டுவதற்கு என்ன இருந்தது? பிரெஞ்சுக்காரர் பாரிஸுக்கு எழுதிப் பார்த்தார். தோணிக்காரன் படம் எடுத்த கொம்பனி மூடி எத்தனையோ வருடம். அதன் இயக்குநர் இறந்துவிட்டார். மற்றப் படங்களில் எல்லாம் பெரியவர் பெயர்.

அப்போதுதான் அந்த அதிசயம். வாரத் தொலைக்காட்சி நிகழ்ச்சிகள் போடும் சஞ்சிகையைக் கையில் பிடித்துக்கொண்டு அவர் எங்கள் வீட்டு வாசலில் நின்றார். மழையில் நனைந்திருந்தார். ஞாயிறு பிற்பகல் படம் என்று, தோணிக்காரன் படத்தின் பெயர் போட்டிருந்தது. நடிகர் இருவரின் பெயர் இருந்தது. இசையைப் பற்றி ஒன்றும் இல்லை, எப்போதும் போல. "மேடம், உங்கள் வீட்டில் இதைப் பதிவு செய்ய முடியும் அல்லவா?" என்றார்.

முடியுமா என்று எங்கள் வீட்டில் வந்து கேட்டால் என் கணவருக்கு எப்படி இருந்திருக்கும். பிரெஞ்சுக்காரர் ஒருவர் தன் படத்தைத் தன்னிடம் கேட்டு வந்திருக்கிறார் என்று அவருடைய முகம் மலர்ந்ததை நான் கண்டேன். அந்த வாரம் சம்பளத்தில் புத்தம்புதுக் கசெற் ஒன்று வாங்கிவந்தார். பழையதில் எடுத்துக் கொடுக்க மனம் வரவில்லை. அந்த அளவுக்கு மனிதர் நல்லவர்தான் என்பதையும் எழுதிவிட வேண்டும்.

"இஞ்சருங்கோ," என்றேன் ஞாயிறு காலை. "முதல்ல இருந்து கடைசிமட்டும் எடுக்கோணும். இது அவருக்குப் பெரிய விசயம்."

"எனக்கே சொல்லித் தாறீர்? நான் எடுக்காத படமோ?"

பெயருக்காகத்தான் எடுக்கிறோம் என்று நான் சொல்லவில்லை. ஒரு மனிதர் தன் பெயரைக் கேட்டு அலைகிறார் என்று அவர் இல்லாத இடத்தில் எப்படிச் சொல்வது. பெயர் இல்லாத படம் எதற்கு என்பது சொல்லித்தான் விளங்க வேண்டிய ஒன்று என்றும் எனக்குத் தோன்றவில்லை.

பிரெஞ்சுக்காரர் கோட்டுப் போட்டு, ரை கட்டி, கேக் பெட்டியோடு வந்தார். நான் ரோல்ஸ் பொரித்து வைத்திருந்தேன். படம் தொடங்கியது. விடிகாலை ஆறு, பனி, அதன் மேல் வெள்ளை எழுத்துகள். அந்த மூன்று கிளாரினெட்டும் ஒன்றின் பின் ஒன்றாக எழும்பின. பறை தூரத்தில் யாரோ கதவைத் தட்டுவது போல. நான் கையில் இருந்த தட்டை வைக்க மறந்துபோனேன். பிறகு திரையில் அவருடைய பெயர் வந்தது. தனியாக, வேறு ஒருவருடைய பெயரும் பக்கத்தில் இல்லாமல்.

அவர் கதிரையை விட்டு எழுந்தார். பெயர் மறையும்வரை நின்றார். என் கணவரும் எழுந்து வந்து, வாழ்த்துகள் என்று சொல்லி இடது கையைக் கொடுத்தார். வலது கையில் டெக்கின் ரிமோட் இருந்தது. நான் அதைப் பார்த்தேன். பெரிய மனிசருக்கு இடது கை கொடுக்கிற மரியாதை கெட்ட மனிசன் என்று மட்டும் நினைத்தேன்.

எழுத்து முடிந்தது. தோணிக்காரன் ஆற்றின் நடுவில் துடுப்புப் போட்டுக்கொண்டிருந்தான்.

படம் முடிந்ததும் கணவர் கசெற்றை உறையில் போட்டு, படத்தின் பெயரைத் தன் எஞ்சினியர் எழுத்தில் முதுகில் எழுதி, இரண்டு கையாலும் கொடுத்தார். போட்டுப் பார்த்திருக்கலாமே என்று பிறகு என்னைக் கேட்டவர்கள் இருக்கிறார்கள். அந்த டெக்கில் என் கை படக்கூடாது என்பது எங்கள் வீட்டுச் சட்டம். பிரெஞ்சுக்காரரின் வீட்டில் டெக் இல்லை. எங்கள் கண்ணால் பார்த்த பெயரை யார் திரும்பச் சரிபார்ப்பார்கள்?

புதன்கிழமை நான் குசினியில் லீவு சொன்னேன். பிரெஞ்சுக்காரரும் நானும் ரயிலில் நகரத்துக்குப் போனோம். நான் எழுதிய தாள்கள் எல்லாம் என் மடியில். கசெற் அவருடைய கோட்டுப் பையில். ரயிலில் அவர் தன் சாவீடுகளைப் பற்றி முதன்முறையாகப் பகிடியாகக் கதைத்தார். இனிமேல் யாரும் சாகாத படத்துக்கும் தன்னைக் கூப்பிடலாம் என்றார்.

கொந்திராத்துக்காரர் வேலை பார்க்கும் கந்தோரில் பெரிய தொலைக்காட்சியும் டெக்கும் இருந்தன. இயக்குநர் கசெற்றைப் போட்டான். திரையில் கோடுகள் ஓடின. பிறகு தோணிக்காரன் ஆற்றின் நடுவில் துடுப்புப் போட்டுக்கொண்டிருந்தான்.

எனக்கு அந்த நொடியிலேயே விளங்கிவிட்டது. இடது கை ஏன் வந்தது என்பதும் விளங்கியது. இயக்குநர் பின்னுக்கு ஓட்டினான். கோடுகள். மறுபடி தோணிக்காரன். அந்தப் படத்தில் எழுத்து முடிந்த பிறகு நெடுநேரம் இசையே இல்லை. அங்கே ஆற்றுச் சத்தம் மட்டும் போதும் என்று முடிவு செய்தவர் அவரேதான். ஆகையால் மூன்று கிளாரினெட்டும் பறையும் பெயரோடு சேர்ந்து போயிருந்தன. கொந்திராத்துக்காரர் முன்னுக்கு ஓட்டச் சொன்னார். முடிவில் இருக்குமா? பழைய பிரெஞ்சுப் படங்களின் முடிவில் முற்றும் என்ற ஒரு சொல்தான் வரும். எங்கள் கசெற்றில் அந்தச் சொல்லும் இல்லை.

"பெயர் இருந்தது," என்றார் அவர். "ஞாயிற்றுக்கிழமை பார்த்தேன்."

"நானும் பார்த்தேன்," என்றேன். "தனியாக வந்தது. பெரிய எழுத்தில்."

"நீங்கள் யார்?" என்று கொந்திராத்துக்காரர் மரியாதையாகத்தான் கேட்டார்.

பிரதி எடுப்பவள் என்று சொல்லியிருக்க வேண்டும். "இதைப் பதிவு செய்தது என் கணவர்," என்று என் வாயில் வந்தது.

"அப்படியா," என்றார். பிறகு அவரைப் பார்த்து, "உங்களைச் சந்தேகப்படவில்லை. ஆனால் தொலைக்காட்சியில் போன எந்தப் படத்தையும் எடுத்துக் கொண்டுவந்து யாரும் என்னுடையது என்று சொல்லலாம் அல்லவா," என்றார். இயக்குநர் தன் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். மேசையில் நான் எழுதிய தாள்கள் கட்டவிழ்க்காமல் கிடந்தன. அதை ஒருவரும் திறந்து பார்க்கவில்லை. அந்தக் கந்தோரில் இசை வாசிக்கத் தெரிந்தவர்கள் நாங்கள் இருவர் மட்டும்தான்.

திரும்பும்போது பாதி வழியில் அவர் கேட்டார். "உங்கள் கணவருக்கு என்மேல் கோபமா, மேடம்?"

நான் விளக்கினேன். எங்கள் ஆட்கள் எழுத்தைப் பார்ப்பதில்லை என்று ஒரு பிரெஞ்சு இசையமைப்பாளருக்கு ரயிலில் வைத்து விளக்கிய வெட்கம் என் சீவியத்துக்கும் போதும். கோபமில்லை, கசெற் வீணாகக்கூடாது என்ற பழக்கம், அவ்வளவுதான் என்றேன். அவர் என்னைப் பார்த்துச் சிரித்தார். "பாரிஸில் என் பெயரை அழிப்பதற்கு ஒரு பெரிய மேதை தேவைப்பட்டார்," என்றார்.

வீட்டில் கணவர் டெக்குக்கு முன்னால் குந்தியிருந்தார்.

"எழுத்தை ஏன் வெட்டினீங்கள்?"

"எந்த எழுத்து?"

"அவற்ர பேர் வந்த எழுத்து. அதுக்காகத்தானே அந்த மனிசன் எடுப்பிச்சது."

அவர் திரும்பிப் பார்த்தார். உண்மையாகவே விளங்கவில்லை. "எழுத்தை ஆர் பாக்கிறது? நீர் முதல்ல இருந்து எடுக்கச் சொன்னீர். படத்தை முதல்ல இருந்துதானே எடுத்தனான். ஒரு சொட்டு விடேல்லையே."

நான் கத்தினேன். அயல் வீட்டு வெள்ளைக்காரி யன்னலைச் சாத்துகிற சத்தம் கேட்டது. எல்லாம் கத்தி முடிந்த பிறகு அவர் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "இந்த நாட்டில ஆருக்குப் பேர் இருக்கு? அந்தத் தொழிற்சாலையில என்ர பேரை ஒருத்தனும் சொல்லுறதில்லை. தங்கட வாய்க்கு வந்த ஒண்டை வச்சுக் கூப்பிடுறாங்கள். நானும் திரும்பிப் பாக்கிறன். நீர் ஒரு நாளும் அதுக்குக் கத்தேல்லை."

எனக்குப் பாவமாக இருந்தது. அதற்காகக் கோபம் குறையவில்லை. இரண்டும் ஒன்றாக இருந்தன, இன்றும் இருக்கின்றன. மறுநாள் அவர் தொழிற்சாலைத் தொலைபேசியிலிருந்து தொலைக்காட்சி நிலையத்தைக் கூப்பிட்டுக் கேட்டார். படச்சுருள் சிட்னிக்குத் திரும்பிப் போய்விட்டது என்றார்கள். வேறு எங்கே கேட்பது என்று எங்களுக்குத் தெரியவில்லை.

இசை கொந்திராத்துக்காரரின் தங்கை மகனுக்குப் போயிற்று. ஆனால் அந்தப் பெடியனுக்கு ஒரு சிக்கல். பண்ணை ஏலம் போகிற இடத்திலும், தகப்பன் சாகிற இடத்திலும், குடும்பம் ரயிலேறுகிற இடத்திலும் உண்மையான வயலின் வேண்டும் என்று இயக்குநர் பிடிவாதமாக நின்றான். கட்டை அமத்தத் தெரிந்தவனுக்கு எழுதத் தெரியாது. ஆகவே இயக்குநர் பாபகூராவுக்கு வந்தான். நான் அப்போது அங்கே இருந்தேன். கதிரையின் நுனியில் உட்கார்ந்து, எழுதியதை எழுதியபடியே தந்தால் வாசிக்க வைக்கலாம், பெயர் மட்டும் போட முடியாது, தனக்கு வெட்கமாக இருக்கிறது என்றான். வெட்கமாக இருந்ததும் உண்மைதான், முகம் சிவந்திருந்தது.

"சரி," என்றார் அவர். தோளைத் தூக்கி இறக்கினார்.

அவன் போனதும் நான் பொறுக்கவில்லை. "வேண்டாம் என்று சொல்லுங்கள். பாரிஸிலும் சாவீடும் ரயிலும், இங்கேயும் சாவீடும் ரயிலுமா? இதற்கா உலகத்தின் இந்த அந்தத்துக்கு வந்தீர்கள்?"

"மேடம்," என்றார், "இருபது வருடமாக நான் எழுதிய ஒன்றையும் யாரும் வாசித்து நான் கேட்கவில்லை. எனக்கு ஒருமுறை கேட்க வேண்டும்."

படம் அடுத்த வருடம் வெளிவந்தது. பண்ணை ஏலம் போகிற இடத்து இசையைப் பத்திரிகையில் தனியாகப் பாராட்டியிருந்தார்கள், பெடியனின் பெயரோடு. அவர் அந்த ஏலத்தை எழுதியபோது கதவை மூடிக் காட்டியவள் நான். அந்தப் பேப்பரை நான் குசினியில் உருளைக்கிழங்குத் தோல் போட விரித்தேன். ஆனால் என்னை இன்றுவரை எரிக்கிறது அது இல்லை.

வயலின்காரர்கள் வாசிக்க இருந்ததற்கு முந்தின நாள் பிற்பகல். எல்லாருக்குமான தாள்களையும் எழுதி முடித்து, மை காய்வதற்காகப் பியானோவின் மேலும் கட்டிலிலும் தரையிலும் விரித்திருந்தேன். இசைத்தாளின் வலது மேல் மூலையில் இசையமைத்தவரின் பெயர் வர வேண்டும். எல்லாத் தாளிலும் அந்த மூலையை வெறுமையாக விட்டிருந்தேன்.

அவர் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு வந்தார். "இங்கே மறந்துவிட்டீர்கள், மேடம்," என்றார்.

"மறக்கவில்லை. அந்தப் பெடியனின் பெயரை என் கையால் எழுத முடியாது. உங்களுடையதை என்றால் இப்போதே எழுதுகிறேன்."

அவர் என் கையிலிருந்து பேனையை மெதுவாக வாங்கினார். கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்து, மடியில் ஒரு அட்டையை வைத்து, முதல் தாளை எடுத்தார். ஒரு இசைக்குறிப்பை எழுதுவதற்கு முன் பத்துத் தரம் யோசித்துப் பேனையை எடுத்து வைக்கிற கை அது. அந்தக் கை மூலையில் அந்தப் பெடியனின் பெயரை எழுதியது, என் எழுத்துக்குப் பொருந்துகிற மாதிரி அழகாக. அடுத்த தாள். அடுத்தது. மை காய ஊதிவிட்டு அடுத்தது. நான் பார்த்துக்கொண்டு நின்றேன். ஒரு தாளிலாவது தயங்குவார் என்று கடைசித் தாள்வரை காத்திருந்தேன். அவர் தயங்கவே இல்லை.